அடிபட்ட கண்ணில் விழும் புரை

சீனன்குடாவில் கண்ணுக்கு ஆபத்தான தொழில்கள் நிறைய. சீமெந்து ஆலை, மாவு ஆலை, எண்ணெய்த் தாங்கிகள், விமானப்படைத் தளம். இவற்றைச் சுற்றி வெல்டிங் பட்டறைகள், கராஜ்கள், வள்ளம் திருத்தும் கொட்டில்கள். பாலம் தாண்டினால் கிண்ணியாவின் மீனவர்கள், உள்ளே போனால் தம்பலகாமத்து வயல்கள். சுத்தியல் ஓங்கும் கை, கிரைண்டர் பிடிக்கும் கை, புல் வெட்டும் இயந்திரத்தைத் தோளில் மாட்டியவர், சூடு மிதிக்கும் நேரத்தில் நெற்கதிர் தெறிக்கக் கண்ணைப் பொத்திக்கொள்பவர் என்று இந்தத் துறைமுகப் பகுதியில் யாரைக் கேட்டாலும் கண்ணில் ஏதோ பட்ட கதையொன்று இருக்கும். பெரும்பாலான கதைகள் ஒரு நாள் சிவப்போடு முடிந்துவிடும். முடியாதவற்றில் ஒன்றைப் பற்றியது இந்தக் கட்டுரை: காயத்தால் வரும் கண்புரை.

கண்புரை என்றதும் நம்மவர் மனதில் வருவது அம்மம்மாவின் கண். மெல்ல மெல்ல மங்கும், வலி இராது, “இன்னும் முத்தட்டும், பிறகு வெட்டுவம்” என்று ஆண்டுக்கணக்கில் தள்ளிவைக்கலாம். அந்தப் பழக்கத்தைக் காயப்பட்ட கண்ணுக்கும் பொருத்திப் பார்ப்பதால் எத்தனையோ கண்கள் வீணாகின்றன. வயதுக் கண்புரையில் பெரும்பாலும் வில்லை ஒன்றுதான் பழுது. அடிபட்ட கண்ணில் வில்லை வெளுத்திருப்பது நமக்குத் தெரியும் பகுதி மட்டுமே. அதற்கு முன்னும் பின்னும் என்ன உடைந்திருக்கிறது என்பதுதான் பார்வையைத் தீர்மானிக்கும். அதோடு, அந்தக் கண் முற்றும்வரை காத்திருக்காது.

வில்லை இருப்பது கதிராளிக்குப் பின்னால். ஏறத்தாழ ஒன்பது மில்லிமீற்றர் குறுக்களவும் நான்கு மில்லிமீற்றர் தடிப்பும் கொண்ட சிறு பொருள். அதற்கு இரத்தக் குழாயும் இல்லை, நரம்பும் இல்லை. ஒளி ஊடுருவும்படி அதன் புரதங்கள் நெருக்கமாகவும் ஒழுங்காகவும் அடுக்கப்பட்டிருக்கின்றன. இந்த ஒழுங்கைக் காப்பது வில்லையைச் சுற்றியுள்ள மெல்லிய உறை. அது பின்புற நடுவில் ஒரு மில்லிமீற்றரின் இருநூற்றைம்பதில் ஒரு பங்கு தடிப்பே உள்ளது. உறை கிழிந்தால் கண்ணின் முன்னறை நீர் உள்ளே புகும். ஊறப்போட்ட அரிசி வெளுத்து உப்புவதைப்போல வில்லையும் வெளுத்து வீங்கும். பெரிய கிழிசலென்றால் சில மணி நேரத்திலேயே கண்மணிக்குள் வெள்ளை தெரியத் தொடங்கும். மிகச் சிறிய கிழிசல் சிலவேளை தானாக மூடிக்கொண்டு ஒரு புள்ளியளவு மங்கலோடு நின்றுவிடுவதும் உண்டு.

உறை கிழியாமலும் புரை வரும். கிரிக்கெட் பந்து, முஷ்டி, தெறித்த விறகுக்கட்டை, கழன்று பறந்த மீள்பட்டி என்று மழுங்கிய பொருளொன்று கண்ணில் மோதும்போது கண் முன்பின்னாக நசுங்கிப் பக்கவாட்டில் விரிகிறது. அந்த அதிர்ச்சி அலை வில்லையின் இழைகளைக் குலைக்கிறது. ஒளிக்கீற்று நுண்காட்டியின் முன் இப்படிப்பட்ட கண்ணை வைத்துப் பார்த்தால், வில்லையின் பின்பக்கத்தில் இதழ் விரித்த பூவைப்போன்ற வெண்ணிற வடிவம் தெரியும். கதிராளியின் விளிம்பு மோதிய இடத்தில் வில்லையின் முன்முகத்தில் பழுப்புநிறப் பொட்டுகளால் ஆன வட்டமும் பதிந்திருக்கலாம். அந்த வட்டத்தை விவரித்த ஜெர்மானிய மருத்துவர் வொசியஸின் பெயரால்தான் அது இன்றும் அழைக்கப்படுகிறது. இந்தப் பூ வடிவப் புரை அடிபட்ட வாரத்திலும் தோன்றலாம், பல ஆண்டுகள் கழித்தும் தோன்றலாம். ஆகவே பாடசாலை நாளில் பந்து பட்ட கண்ணில் முப்பது வயதில் புரை கண்டால் அந்தப் பழைய அடியை மருத்துவரிடம் சொல்லுங்கள். வில்லையைத் தாங்கும் நுண்ணிழைகள் அன்றே அறுந்திருக்கலாம். அது முன்கூட்டித் தெரியாமல் கத்தியை எடுத்தால் சத்திரசிகிச்சையின் நடுவில் வில்லை பின்னால் சரிந்துவிடும்.

பட்டறைக் காயம் வேறு வகை. உளிமேல் சுத்தியல் விழும்போது உளித் தலையின் விளிம்பிலிருந்து கடுகிலும் சிறிய இரும்புச் சிராய் துப்பாக்கிச் சன்னம்போலப் பறக்கும். அந்த வேகத்தில் விழிவெண்படலத்தைத் துளைத்துப் போகும்போது பெரிய வலியே இராமல் போகலாம். வெளியே ஒரு சிறு கோடுதான் தெரியும். அப்போது நடக்கும் பேச்சு எல்லாப் பட்டறையிலும் ஒன்றுதான். “பாஸ், ஒரு மாதிரி மங்கலா இருக்கு.” “இரும்புத் தூசு தம்பி, ஒண்டுமில்லை. படுத்தெழும்பினாச் சரி.” தம்பி மூன்று நாள் கழித்துக் கண் வெளுத்து வருகிறார். எக்ஸ்ரே எடுத்தால் கண்ணுக்குள் இரும்பு இருக்கிறது.

உள்ளே தங்கிய பொருள் எது என்பதும் முக்கியம். கண்ணாடித் துண்டும் சிலவகைப் பிளாஸ்டிக்கும் ஆண்டுக்கணக்கில் தொந்தரவின்றிக் கிடக்கலாம். இரும்பு அப்படியல்ல. அது மெல்லத் துருப்பிடித்துக் கண்ணெங்கும் பரவி, வில்லையில் துருநிறப் பொட்டுகளை விட்டு, விழித்திரையை நஞ்சாக்கும். செம்பு வில்லையில் சூரியகாந்திப் பூவைப்போன்ற புரையை உண்டாக்கும். தூய செம்பானால் கண்ணே சீழ்ப்பிடித்ததுபோல் அழன்றுவிடும். வயலில் கண்ணைக் குத்திய முள்ளும் கதிரும் கிருமியையும் பூஞ்சையையும் கூடவே கொண்டுவரும். வெடிவைத்து மீன்பிடிக்கும்போது நேரும் விபத்து எல்லாவற்றிலும் கொடியது. இரண்டு கண்ணிலும் மணலும் துகளும் ஏறும், கையும் போகும். 1996ஆம் ஆண்டின் கடற்றொழில் சட்டம் வெடிமீன்பிடியைத் தடைசெய்திருக்கிறது. அந்தச் சட்டத்துக்குப் பயந்து காயத்தை வீட்டிலேயே ஒளித்துவைப்பவர் பார்வையையும் இழக்கிறார். காயம் எப்படி வந்தது என்பது வைத்தியருக்குத் தேவைப்படுவது சிகிச்சைக்காக. அதை மறைத்தால் தவறான சிகிச்சைதான் கிடைக்கும்.

மின்னலும் மின்தாக்கமும் கூடப் புரையைத் தரும். உயிர் தப்பியவர் தேறிவிட்டார் என்று வீட்டார் நிம்மதியடைந்து மாதங்கள் போன பிறகு கண் மங்கத் தொடங்கும். ஆகவே மின்தாக்கம் பட்டவர்களின் கண்ணை ஓராண்டுக்காவது இடையிடையே சோதிப்பது நல்லது.

இந்தப் புரைக்கு இன்று செய்யும் சிகிச்சையின் பிறப்பு ஒரு போர்க்காயத்தில் இருக்கிறது, அந்த வரலாறு சீனன்குடாவுக்கும் அருகில் வருகிறது. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் திருகோணமலையைத் தாக்கியபோது, சீனன்குடா ஓடுதளத்திலிருந்து எழும்பி எதிர்த்தவை பிரித்தானிய விமானப்படையின் 261ஆம் பிரிவு ஹரிக்கேன் விமானங்கள். அந்த இன விமானத்தின் விமானியறை மூடி பெர்ஸ்பெக்ஸ் என்ற தெளிந்த பிளாஸ்டிக்கால் ஆனது. அதற்கு ஏறத்தாழ இரண்டு ஆண்டுகளுக்கு முன், 1940 ஆகஸ்ட் 15இல், இங்கிலாந்தின் வானில் கோர்டன் கிளீவர் என்ற ஹரிக்கேன் விமானியின் மூடி குண்டுபட்டு நொறுங்கியது. பெர்ஸ்பெக்ஸ் துகள்கள் அவரது இரு கண்களிலும் பாய்ந்தன. அன்று அவர் காப்புக் கண்ணாடி அணிந்திருக்கவில்லை. ஒரு கண் முற்றாகப் போனது. மற்றதில் துகள்கள் தங்கின.

இப்படிப்பட்ட விமானிகளின் கண்களைக் கவனித்தவர் ஹரோல்ட் ரிட்லி என்ற லண்டன் கண் மருத்துவர். அந்தத் துகள்கள் கண்ணுக்குள் கிடந்தும் கண் அவற்றை எதிர்க்கவில்லை, அழற்சி இல்லை. ஒருமுறை புரை அகற்றும் சத்திரசிகிச்சையைப் பார்த்துக்கொண்டிருந்த மாணவர் ஒருவர், எடுத்த வில்லைக்குப் பதிலாக வேறொன்றை வைக்கமாட்டீர்களா என்று கேட்டாராம். 1949 நவம்பர் 29இல், லண்டன் சென் தோமஸ் வைத்தியசாலையில், மருத்துவத் தரத்தில் தயாரிக்கப்பட்ட அதே பெர்ஸ்பெக்ஸில் செய்த வில்லையை ரிட்லி ஒரு பெண்ணின் கண்ணில் பொருத்தினார். அன்றைய கண் மருத்துவ உலகின் பெரியவர்கள் பலர் அவரை எதிர்த்தார்கள். கண்ணுக்குள்ளிருந்து அந்நியப் பொருளை எடுப்பதே மருத்துவம், உள்ளே வைப்பது அல்ல என்பது அவர்களது வாதம். செயற்கை வில்லை ஏற்புப்பெற முப்பது ஆண்டுகள் பிடித்தன. முதுமையில் ரிட்லியின் கண்களிலும் அது பொருத்தப்பட்டது. கிளீவருக்கு எஞ்சிய கண்ணில் புரை விழுந்தபோது, 1987இல், அவருக்கும் செயற்கை வில்லைதான் பார்வை தந்தது.

காயப்புரை உள்ளவருக்கு இந்தக் கண்டுபிடிப்பு வயதுப்புரை உள்ளவரைவிட அதிகம் தேவைப்பட்டது. முன்பெல்லாம் புரையை எடுத்தபின் தடித்த கண்ணாடி கொடுப்பார்கள். இரண்டு கண்ணிலும் புரை எடுத்த முதியவர் அதோடு எப்படியோ சமாளித்தார். காயம் பெரும்பாலும் ஒரு கண்ணில்தான் வரும். ஒரு கண்ணில் மட்டும் தடித்த கண்ணாடி போட்டால் அந்தக் கண் காணும் உருவம் மற்றக் கண் காண்பதைவிட நான்கில் ஒரு பங்குக்கு மேல் பெரிதாகத் தெரியும். மூளையால் இரண்டையும் ஒன்றாக்க முடியாது. ஆகவே சத்திரசிகிச்சை வெற்றி என்று எழுதப்பட்ட கண்ணும் அன்றாடத்தில் உதவாத கண்ணாகவே இருந்தது. செயற்கை வில்லைதான் அதை மீண்டும் வேலை செய்யும் கண்ணாக்கியது. விலை மட்டும் ஏழைக்கு எட்டாததாக இருந்தது. டொக்டர் கோவிந்தப்ப வெங்கடசாமி 1976இல் மதுரையில் தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை, 1992இல் அரோலேப் என்ற தொழிற்கூடத்தை நிறுவி வில்லையைத் தானே செய்யத் தொடங்கியது. நூறு டொலர் அளவில் இருந்த விலை பத்து டொலர் அளவுக்கு இறங்கியது. கடலுக்கு அப்பால் நம் மொழி பேசும் ஊரில் நடந்த இந்த வேலை உலகின் ஏழை நாடுகளுக்கெல்லாம் பயன்பட்டது.

இனி, காயம் பட்ட முதல் மணி நேரம். கண்ணில் ஏதோ துளைத்திருக்கலாம் என்ற சந்தேகம் வந்தால் கசக்கக் கூடாது, கழுவக் கூடாது. குத்தி நிற்கும் பொருளை இழுக்கவும் கூடாது. பஞ்சு வைத்து அழுத்திக் கட்டக் கூடாது. துளை வழியே கண்ணின் உள்ளிருப்பது வெளியே தள்ளப்படும். கடதாசிக் கோப்பையின் அடிப்பாகத்தை வெட்டிக் கண்ணைத் தொடாமல் மேலே கவிழ்த்து ஒட்டினால் போதும். மயக்கமருந்து தேவைப்படலாம் என்பதால் சாப்பாடும் தேநீரும் வேண்டாம். தாய்ப்பால், ஆமணக்கெண்ணெய், இலைச்சாறு எதையும் விடக்கூடாது. பக்குவம் சொல்பவர் அன்போடுதான் சொல்கிறார், ஆனால் திறந்த காயத்துக்குள் கிருமி போகும் வழி அது. கழுவக் கூடாது என்பதற்கு ஒரே விதிவிலக்கு சுண்ணாம்பு, சீமெந்து, அமிலம், பற்றரி நீர் போன்றவை. அவை பட்டால் யாரையும் கேட்காமல், அந்த இடத்திலேயே, கிடைக்கும் சுத்தமான நீரால் இருபது முப்பது நிமிடம் விடாமல் கழுவிவிட்டுத்தான் வாகனம் தேடவேண்டும்.

வைத்தியசாலையில் வைத்தியர் முதலில் கேட்பது எவ்வளவு தெரிகிறது என்பதை. கண்மணி ஒளிக்குச் சுருங்குகிறதா, எந்தத் திசையிலிருந்து வெளிச்சம் வருகிறதென்று நோயாளிக்குத் தெரிகிறதா என்பவை அடுத்தவை. வெள்ளைப் புரை விழித்திரையை மறைத்துவிடுவதால் ஸ்கேன் எடுத்துத்தான் பின்பக்கத்தை அறிய முடியும். இரும்புச் சந்தேகம் இருந்தால் எக்ஸ்ரே அல்லது சி.டி. ஸ்கேன்; எம்.ஆர்.ஐ. ஒருபோதும் கூடாது, அதன் காந்தம் கண்ணுக்குள் இருக்கும் இரும்பை அசைத்துவிடும். போர்க்காலத்தில் உலோகச் சன்னம் ஏறிய உடம்போடு வாழ்பவர்கள் கிழக்கில் பலர். வேறு நோய்க்கு எம்.ஆர்.ஐ. எழுதினாலும் அதை முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

காயப்பட்ட கண் எவ்வளவு தேறும் என்று கணிக்க, 2002இல் ஃபெரன்ஸ் குன்னும் உடனுழைத்த மருத்துவர்களும் வெளியிட்ட மதிப்பெண் முறை உலகெங்கும் பயன்படுகிறது. காயம் பட்டவுடன் இருக்கும் பார்வைக்கு 60 முதல் 100 வரை மதிப்பெண். கண் வெடித்திருந்தால் 23ஐக் கழி, உள்ளே கிருமித்தொற்று என்றால் 17, துளைத்து மறுபக்கம் வெளியேறியிருந்தால் 14, விழித்திரை கழன்றிருந்தால் 11, கண்மணி ஒளிக்குச் சரியாக இயங்காவிட்டால் 10. அந்தப் பட்டியலை இன்னொரு தடவை பாருங்கள்: வில்லை பழுதானதற்குக் கழிவு இல்லை. புரை ஆரம்பப் பார்வையைக் குறைத்துக் காட்டும் என்பது உண்மைதான். ஆனாலும் கண்ணின் கதியை எழுதும் இடத்தில் புரைக்குத் தனி வரி கொடுக்கப்படவில்லை. வெள்ளையாகிவிட்டது, இனிக் கண் போய்விட்டது என்று கைவிடுவதும் தவறு. வெள்ளையை எடுத்துவிட்டால் எல்லாம் தெரியும் என்று உறுதி கொடுப்பதும் தவறு.

சிகிச்சையில் மருத்துவர்களிடையே நீண்டகாலமாக ஓயாத விவாதம் காலம் பற்றியது. திறந்த காயத்தை உடனே தைக்க வேண்டும் என்பதில் கருத்து வேற்றுமை இல்லை. தலைமயிரைவிட மெல்லிய நைலோன் நூலால் நுண்காட்டியின் கீழ் தைப்பார்கள். அதே அமர்வில் புரையையும் எடுத்துச் செயற்கை வில்லையை வைக்கலாமா, கண் ஆறிய பிறகா என்பதே கேள்வி. உடனே செய்வதில் நன்மை உண்டு. ஒரே மயக்கமருந்து, ஒரே பயணம், பார்வையும் சீக்கிரம். திருகோணமலையிலிருந்து கொழும்புக்குப் போய்வரும் கூலித் தொழிலாளிக்கு இரண்டாம் பயணம் என்பது சிறிய விடயமல்ல. மறுபக்கத்தில், வெட்டுண்டு வீங்கிய கண்ணில் வில்லையின் வலுவை அளவிட முடியாது. மற்றக் கண்ணின் அளவை வைத்து மதிப்பிட வேண்டியிருக்கும், அது பிழைக்கலாம். கிருமித்தொற்று இருந்தால் உள்ளே வைத்த வில்லை அதற்கு இடம் கொடுக்கும். விழித்திரையின் நிலையும் அன்று தெளிவாகத் தெரியாது.

என் வாசிப்பில், முதலில் காயத்தைத் தைத்து, அழற்சி தணிந்த சில வாரங்களில் புரையை எடுத்து வில்லை வைக்கும் இரண்டுபடி முறையே நம் மாவட்ட வைத்தியசாலைகளின் நிலைமைக்குப் பொருத்தம். ஆனால் வில்லையின் உறை கிழிந்து அதன் துகள்கள் முன்னறையில் மிதக்கின்றன, அல்லது வீங்கிய வில்லை கண் அழுத்தத்தை ஏற்றுகிறது என்றால் காத்திருக்கும் பேச்சுக்கே இடமில்லை. அந்த அழுத்தம் பார்வை நரம்பைச் சில நாட்களிலேயே கெடுத்துவிடும். இரும்புச் சிராயையும் கூடிய விரைவில் எடுக்கவேண்டும். அதற்கு விழித்திரைச் சத்திரசிகிச்சை நிபுணர் வேண்டும், கொழும்பு தேசிய கண் வைத்தியசாலை போன்ற இடத்துக்கு அனுப்பப்படுவதும் அதனால்தான்.

இளம் வயதினரின் வில்லை மென்மையானது. முதியவருக்குப்போல் ஒலியலையால் உடைக்கத் தேவையில்லை, உறிஞ்சியே எடுத்துவிடலாம். வெளுத்த வில்லையில் உறை எங்கே என்று தெரியாததால் நீலச் சாயம் தடவி அதைக் கண்டுகொள்வார்கள். உறை நன்றாக இருந்தால் செயற்கை வில்லை அதற்குள்ளேயே இருக்கும். தாங்கும் இழைகள் ஓரளவு அறுந்திருந்தால் உறைக்குள் ஒரு வளையம் வைத்து விரித்துப் பிடிப்பார்கள். உறையே இல்லையென்றால் கதிராளியில் கவ்வவைத்தோ கண்ணின் வெண்கோளத்தில் தைத்தோ நிறுத்துவார்கள். கண்ணின் பின்னறையை நிரப்பும் கண்ணாடியுடனீர் முன்னால் வழிந்திருந்தால் அதையும் வெட்டித் துப்புரவாக்க வேண்டும்.

பிள்ளைகளின் கண் தனிக் கவனம் கேட்பது. அம்பும் வில்லும், உண்டிவில், கூரான பென்சில், சித்திரைப் புத்தாண்டிலும் தீபாவளியிலும் பட்டாசு: காயங்கள் பெரும்பாலும் விளையாட்டில் வருபவை. ஏழெட்டு வயதுவரை மூளை பார்க்கக் கற்றுக்கொண்டிருக்கிறது. அந்த வயதில் ஒரு கண் மறைந்து கிடந்தால் மூளை அதைக் கைவிட்டுவிடும், பிறகு வில்லையை எவ்வளவு அழகாக வைத்தாலும் பிள்ளை பார்க்காது. ஆகவே பிள்ளைக்கு மாதக்கணக்கில் காத்திருக்க முடியாது. சத்திரசிகிச்சைக்குப் பின் நல்ல கண்ணை ஒட்டுப்போட்டு மறைத்து, பலவீனமான கண்ணால் பார்க்கப் பழக்கவேண்டும். பிள்ளை அழும், ஒட்டைப் பிய்க்கும். பாதிச் சிகிச்சை சத்திரசிகிச்சை அறைக்கு வெளியே, தாயின் கையில்தான் நடக்கிறது. பிரான்சில் 1812இல் தந்தையின் தோல்பட்டறையில் ஊசியால் ஒரு கண்ணைக் குத்திக்கொண்ட மூன்று வயதுப் பிள்ளை, ஐந்து வயதில் மற்றக் கண்ணையும் இழந்தது. அந்தப் பிள்ளைதான் லூயி பிரெய்ல். காயப்பட்ட கண் மற்றக் கண்ணுக்கும் கேடாக மாறுவது அபூர்வம், ஆனால் உண்டு. நல்ல கண் சிவந்து கூசத் தொடங்கினால் அன்றே போய்க் காட்டவேண்டும்.

1998இல் வெளியான உலக மதிப்பீடு ஒன்று, ஒரு நாளுக்கு மேல் செயற்பாட்டைக் கட்டுப்படுத்தும் கண் காயங்கள் ஆண்டுக்கு 5.5 கோடி என்றும், காயத்தால் ஒரு கண்ணில் பார்வை இழந்தவர்களும் குறைந்தவர்களும் ஏறத்தாழ 1.9 கோடி என்றும் சொன்னது. அரவிந்த் மருத்துவமனை தென்தமிழகத்துக் கிராமங்களில் 40 வயதைக் கடந்த 5150 பேரைச் சோதித்தபோது ஏறத்தாழ 4.5 சதவீதத்தினர் கண்காயம் பட்டதாகச் சொன்னார்கள். வயல்வேலையே அதில் பெருங்காரணம். நம் வயலும் அதே வயல்தான்.

இலங்கையின் தொழிற்சாலைகள் கட்டளைச் சட்டம் 1942ஆம் ஆண்டினது. ஆபத்தான வேலைகளில் கண் காப்பை அது கேட்கிறது. 1934இன் வேலையாட்கள் நட்டஈட்டுச் சட்டம் இழந்த கண்ணுக்குப் பணம் தரச் சொல்கிறது. பெரிய ஆலையின் வாசலில் இவை நடைமுறையில் தெரியும். நாட்கூலிக்குக் கிரைண்டர் பிடிக்கும் பையனின் கொட்டிலில் தெரியாது. வெல்டிங் கண்ணாடியை ஒளிக்காகப் போடுகிறான், அதே கையால் கசடு தட்டும்போது கழற்றிவைக்கிறான். கசடு தட்டும்போதுதான் அது தெறிக்கிறது. பொலிகார்பனேட்டில் செய்த சாதாரணக் காப்புக் கண்ணாடியின் விலை அவனது ஒரு நாள் கூலியைவிடக் குறைவு. அதை வாங்கிக் கொடுத்துப் போடச்சொல்ல வேண்டியவர் முதலாளி. வாங்கிக் கொடுக்காத பட்டறையில் பையனை வேலைக்கு விடாதீர்கள் என்று பெற்றோரையும் கேட்டுக்கொள்கிறேன்.

அடிபட்டுக் கண்புரை எடுத்தவர்கள் இங்கே இருந்தால் அவர்களுக்கு இரண்டு சொல். மழுங்கிய அடி பட்ட கண்ணில் பத்து, பதினைந்து ஆண்டுகளுக்குப் பின்னும் கண் அழுத்தம் சத்தமின்றி ஏறலாம். ஆகவே ஆண்டுக்கொருமுறை கண் பிரிவில் அழுத்தத்தை அளந்துகொள்ளுங்கள். ஒரு கண்ணில் பார்வை போய்விட்டதென்றால், மீதிக் கண்ணுக்கு வலு தேவையோ இல்லையோ, பொலிகார்பனேட் கண்ணாடி இல்லாமல் பட்டறைக்கும் வயலுக்கும் கடலுக்கும் போகவேண்டாம்.